‘யாரோடம்மா போகணும்?’: ஒரு கேள்வி பிறந்த கதை

உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுக்கள் விசாரணைக்கு வரும் நாளில், அறைக்கு வெளியே தாழ்வாரத்திலேயே அந்தக் குடும்பங்களை அடையாளம் கண்டுவிடலாம். அழுது வீங்கிய கண்களோடு ஒரு தாய். அவரைச் சுற்றிச் சித்தப்பா, மாமா என்று நாலைந்து ஆண்கள். கொஞ்சம் தள்ளி, பெண் காவலரின் பக்கத்தில், யார் முகத்தையும் பார்க்காமல் நிற்கும் ஓர் இளம்பெண். ‘ஹெச்.சி.பி.’ என்று வக்கீல்கள் சுருக்கிச் சொல்லும் இந்த மனுவை இரண்டு நீதிபதிகள் கொண்ட அமர்வு விசாரிக்கும். வழக்கு எண்ணைக் கூப்பிட்டதும் எல்லாரும் உள்ளே போவார்கள். வயதுச் சான்று பார்க்கப்படும். 18 முடிந்துவிட்டது என்று தெரிந்ததும், நீதிபதி அந்தப் பெண்ணைப் பார்த்துக் கேட்பார்: “நீ யாரோடம்மா போகணும்னு நினைக்கிறே?”

அவள் சொல்லும் பதில்தான் பெரும்பாலும் தீர்ப்பு. அதற்குப் பிறகு எழுதப்படும் உத்தரவு சில பத்திகளில் முடிந்துவிடும். வயது வந்த ஒருவரின் வாழ்க்கையைப் பற்றி அவரிடமே கேட்பது என்னவோ வெகு இயல்பான காரியம்போலத் தோன்றுகிறது. ஆனால் இதைக் கேட்கப் பழகுவதற்கு நீதிமன்றங்களுக்கு இரண்டு நூற்றாண்டுக்கு மேல் ஆயிற்று. பழகிய பிறகும் அவை இதை மறந்திருக்கின்றன. மறந்தபோதெல்லாம் யாரோ ஒருவர் பூட்டிய வீட்டுக்குள் மாதக்கணக்கில் கிடந்திருக்கிறார்.

ஆட்கொணர்வு ஆணை இங்கிலாந்தில் பிறந்தது. அரசன் தன் விருப்பப்படி ஆட்களைச் சிறையில் அடைத்த காலத்தில், ‘நீ அடைத்து வைத்திருக்கும் ஆளை என் முன் கொண்டு வா, எந்த உரிமையில் வைத்திருக்கிறாய் என்று சொல்’ எனக் கேட்கும் அதிகாரமாக அது வளர்ந்தது. 1679இல் அதற்குத் தனிச் சட்டமே வந்தது. அந்த ஆணை கேட்பது பூட்டைப் பற்றி மட்டும்தான். அடைபட்டவர் யாருக்குச் சொந்தம் என்பது அதன் கேள்வியே இல்லை. ஆனால் அரசனின் சிறையைத் தாண்டி வீட்டுக் கதவுகளை அது தட்டத் தொடங்கியபோது சிக்கல் முளைத்தது. தகப்பன்மாரும் கணவன்மாரும், ‘என் மகளை மீட்டுக் கொடுங்கள்’, ‘என் மனைவியை என்னிடம் ஒப்படையுங்கள்’ என்று அதையே கையில் எடுத்துக்கொண்டு வந்தார்கள்.

அந்தக் கோரிக்கைக்குத் தெளிவான பதில் 1763இல் லண்டனில் கிடைத்தது. ஆன் கேட்லி என்ற 18 வயதுப் பாடகி. தகப்பனார் கோச்சு வண்டி ஓட்டிப் பிழைத்தவர். மகளுக்கு இருந்த குரல் வளத்தைப் பார்த்து, வில்லியம் பேட்ஸ் என்ற இசை ஆசிரியரிடம் ஒப்பந்தம் எழுதிப் பயிற்சிக்கு விட்டிருந்தார். பேட்ஸோ அந்த ஒப்பந்தத்தையே சர் ஃபிரான்சிஸ் டெலவால் என்ற செல்வந்தருக்கு மாற்றிக் கொடுத்துவிட்டார். டெலவாலின் நடத்தை ஊருக்கே தெரியும். காகிதத்தில் அவள் இசை பயில்பவள், உண்மையில் கைமாற்றப்பட்டவள். தகப்பனார் நீதிமன்றத்துக்குப் போனார்.

தலைமை நீதிபதி மான்ஸ்ஃபீல்டு பிரபு அந்தக் கைமாற்றத்தை வன்மையாகக் கண்டித்து, சம்பந்தப்பட்டவர்கள் மீது சதி வழக்குத் தொடர அனுமதித்தார். பெண்ணை யாரிடம் விடுவது? ‘என்னிடம்தான்’ என்பது தகப்பனாரின் வாதம். மான்ஸ்ஃபீல்டு அங்கே ஒரு கோடு கிழித்தார். முறையற்ற கட்டிலிருந்து விடுவிப்பது நீதிமன்றத்தின் கடமை. விடுவித்தவரை இன்னொருவர் கையில் கொடுத்தே ஆக வேண்டும் என்ற கடமை அதற்கில்லை என்றார். அன்றைய இங்கிலாந்தில் 21 வயதில்தான் ஒருவர் மேஜர் ஆவார். ஆன் கேட்லியோ சட்டப்படி மைனர். இருந்தும், விரும்பிய இடத்துக்குப் போகலாம் என்று அவளை விட்டார்கள். அவள் தகப்பனாரோடு போகவில்லை. பிற்காலத்தில் லண்டன், டப்ளின் மேடைகளில் பேர்பெற்ற பாடகியானாள். அவள் தேர்ந்தெடுத்த வழி நல்லதா கெட்டதா என்று இன்றுவரை எழுதுகிறவர்கள் உண்டு. நீதிமன்றம் அதை எடை போடவில்லை என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

கேள்வி பிறந்துவிட்டது. ஆனால் அது மகளுக்குத்தான், மனைவிக்கு இல்லை. 1840இல், கணவனை விட்டு விலகி வாழ்ந்த ஒரு பெண்ணைத் தந்திரமாக வரவழைத்துக் கணவன் வீட்டில் பூட்டி வைத்தான். நீதிபதி கோல்ரிட்ஜ், மனைவியை அப்படி வைத்திருக்கக் கணவனுக்கு உரிமை உண்டு என்று மனுவைத் தள்ளினார். அந்தத் தீர்ப்பு அரை நூற்றாண்டு நின்றது.

அது சாய்ந்தது லங்காஷயரின் கிளித்தரோ என்ற சிற்றூரில் நடந்த ஒரு சம்பவத்தால். 1891 மார்ச் 8, ஞாயிற்றுக்கிழமை. எமிலி ஜாக்சன் தேவாலயத்தில் வழிபாடு முடிந்து வெளியே வந்தார். 1887இல் மணம் முடித்த சில நாட்களிலேயே நியூசிலாந்துக்குக் கப்பலேறிய கணவர், திரும்பி வந்தபின் சேர்ந்து வாழ அழைத்தும் எமிலி மறுத்திருந்தார். சேர்ந்து வாழ உத்தரவிடும் தீர்ப்பும் கணவர் கையில் இருந்தது. அன்று அவர் ஆட்களோடு வந்து, தேவாலய வாசலிலேயே மனைவியைப் பிடித்து வண்டியில் தூக்கிப் போட்டு, பிளாக்பர்னில் இருந்த உறவினர் வீட்டுக்குக் கொண்டுபோய் அடைத்தார். எமிலியின் உறவினர்கள் ஆட்கொணர்வு மனு போட்டார்கள். கீழ் அமர்வு 1840இன் வழியிலேயே மறுத்தது. அதே மாதம் மேல்முறையீட்டில் ஹால்ஸ்பரி பிரபு, எஷர் பிரபு, நீதிபதி ஃபிரை மூவரும் எமிலியை விடுவித்தார்கள். மனைவியின் உடல்மீது கணவனுக்கு அப்படி ஒரு காவல் அதிகாரம் கிடையாது என்றார்கள். திருமணம் என்ற ஏற்பாடே போய்விட்டது என்று புலம்பி எழுதியவர்கள் அன்று பலர்.

இங்கிலாந்தில் இது நடப்பதற்குள் பம்பாயில் இன்னொரு பெண் இதே நெருப்பைக் கடந்து வந்துவிட்டார். 11 வயதில் மணமுடிக்கப்பட்ட ருக்மாபாய், வளர்ந்தபின் கணவர் தாதாஜி பிகாஜியோடு போய் வாழ மறுத்தார். 1884இல் கணவர் வழக்குத் தொடுத்தார். 1885இல் நீதிபதி பின்ஹே, விருப்பமில்லாத ஒரு பெண்ணை இப்படி அனுப்புவது கொடுமை என்று வழக்கைத் தள்ளினார். மேல்முறையீட்டில் அது புரண்டது. 1887இல் நீதிபதி ஃபாரன், கணவரிடம் போ, இல்லாவிட்டால் 6 மாதம் வரை சிறை என்று உத்தரவிட்டார். சிறைக்கே போகிறேன் என்றார் ருக்மாபாய். இந்த இடத்தில் வரலாற்றின் அநீதி பளிச்சென்று தெரிகிறது: இத்தகைய தீர்ப்பை மீறினால் சிறை என்ற விதியை இங்கிலாந்து 1884இலேயே நீக்கியிருந்தது. தன் நாட்டில் கழற்றிப் போட்ட விலங்கை இந்தியப் பெண்ணின் கையில் பூட்டப் பார்த்தது. கடைசியில் 1888இல், 2,000 ரூபாய் பெற்றுக்கொண்டு தாதாஜி உரிமையை விட்டுக்கொடுத்தார். ருக்மாபாய் லண்டன் போய் மருத்துவம் படித்துத் திரும்பி, சூரத்திலும் ராஜ்கோட்டிலும் பல பத்தாண்டுகள் பெண்களுக்கு மருத்துவம் பார்த்தார்.

ஒரு விஷயத்தில் மட்டும் இந்தியச் சட்டம் முந்திக்கொண்டது. 1875ஆம் ஆண்டின் வயதுவந்தோர் சட்டம் இங்கே பொதுவாக 18 வயதை வைத்தது. இங்கிலாந்து 21இலிருந்து 18க்கு இறங்கியது 1970இல்தான். 1898ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 491ஆம் பிரிவு ஆட்கொணர்வு போன்ற அதிகாரத்தை உயர் நீதிமன்றங்களுக்குத் தந்தது. 1950இல் அரசியலமைப்பின் 226ஆம், 32ஆம் பிரிவுகள் வந்து அதை அடிப்படை உரிமையின் காவலாக மாற்றின.

1970களின் நடுவில் டெல்லி நாரி நிகேதன் என்ற பெண்கள் காப்பகத்தில் வைக்கப்பட்டிருந்த ஒரு பெண்ணின் மனு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. பெற்றோர் ஒரு வயது சொன்னார்கள், அவள் ஒரு வயது சொன்னாள். பிறந்த தேதி எதுவானாலும் இப்போது அவள் 18ஐத் தாண்டிவிட்டாள். யாரோடு, எங்கே தங்குவது என்பதில் அவள் விருப்பத்துக்குத் தளை போட முடியாது. அவள் விருப்பத்தின் இடத்தில் நீதிமன்றமோ உறவினரோ தங்கள் விருப்பத்தை வைக்கவும் முடியாது என்று அங்கே தீர்ப்பானது. அந்தத் தீர்ப்பு மிகச் சிறியது. அதில் எல்லாம் சொல்லியாயிற்று. அதற்குப் பிறகும் கேரளத்தில் நடந்ததை நினைத்தால்தான் மனம் ஆறுவதில்லை.

சேலத்தில் ஹோமியோபதி மருத்துவம் படித்த ஹாதியாவுக்கு 24 வயது. மதம் மாறியிருந்தார். தகப்பனார் 2016இல் அடுத்தடுத்து ஆட்கொணர்வு மனு போட்டார். இரண்டாவது மனு நிலுவையில் இருக்கும்போது டிசம்பரில் ஹாதியா தன் விருப்பப்படி திருமணம் செய்துகொண்டார். 2017 மே 24 அன்று கேரள உயர் நீதிமன்றம் அந்தத் திருமணத்தையே ரத்து செய்து, அவரைப் பெற்றோர் வசம் ஒப்படைத்தது. 24 வயதுப் பெண் ஏமாற்றப்படக்கூடியவள், வாழ்க்கையின் பெரிய முடிவைப் பெற்றோர் பங்கில்லாமல் எடுக்கக் கூடாது என்ற ரீதியில் காரணம் சொன்னது. வைக்கம் அருகே பெற்றோர் வீட்டில், போலீஸ் காவலோடு, ஹாதியா 6 மாதம் இருந்தார்.

நவம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றத்தில் அவரைக் கொண்டுவந்தார்கள். அன்றைய விசாரணையைப் படிக்கும்போது இன்றும் கோபம் வருகிறது. அவர் அறையில் இருக்கிறார். முதலில் அவரிடம் பேசுவதா, அல்லது அந்தத் திருமணத்தைப் பற்றித் தேசியப் புலனாய்வு முகமை தந்த அறிக்கையைப் பார்த்துவிட்டுப் பேசுவதா என்று இரு தரப்பு வக்கீல்களும் வெகுநேரம் வாதாடினார்கள். மூளைச்சலவை செய்யப்பட்டவர் சொல்லும் சம்மதம் சம்மதமே இல்லை என்பது தகப்பனார் தரப்பின் வாதம். நீதிபதிகள் ஒருவழியாக அவர் பக்கம் திரும்பிக் கேட்டபோது, அவர் மலையாளத்தில் சொன்ன முதல் விஷயம், தனக்குச் சுதந்திரம் வேண்டும் என்பது. படிப்பை முடிக்க வேண்டும் என்றார். உள்ளூரில் உனக்குப் பாதுகாவலர் யார் என்று கேட்டபோது, தன் கணவர் பார்த்துக்கொள்வார் என்றார். கணவன் மனைவிக்குப் பாதுகாவலன் அல்ல என்று நீதிபதி சந்திரசூட் விளக்கினார். அங்கிருந்து அவர் சேலத்துக் கல்லூரிக்கு அனுப்பப்பட்டார்.

2018 மார்ச் 8 அன்று, கிளித்தரோ தேவாலய வாசலில் எமிலி ஜாக்சன் தூக்கிச் செல்லப்பட்ட அதே தேதியில், 127 ஆண்டுகள் கழித்து, ஹாதியாவின் திருமணம் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் அறிவித்தது. ஏப்ரலில் வந்த விரிவான தீர்ப்பில், ஆட்கொணர்வு மனுவில் திருமணத்தை ரத்து செய்யும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டார்கள். பெற்றவரின் பாசம் வயது வந்த மகளின் உரிமையைக் குறைக்காது என்றும் எழுதினார்கள். அந்தத் தகப்பனின் வேதனை பொய்யானது என்று நான் நினைக்கவில்லை. ஒரே மகள், வளர்த்த வீட்டை விட்டு வேறொரு நம்பிக்கைக்குப் போனால் எந்தத் தகப்பனுக்கும் வலிக்கும். ஆனால் அந்த வலி ஒரு பூட்டுக்கு உரிமம் ஆகிவிடக் கூடாது. தவறான பதில் சொன்னால் கணக்கில் எடுத்துக்கொள்ள மாட்டோம் என்றால், கேள்வி கேட்டதற்கே அர்த்தமில்லை.

இந்த வழக்குகள் காதலைப் பற்றியவை மட்டுமல்ல. அதே 2018 ஜனவரியில், பிரிந்துபோன பெற்றோருக்கு நடுவே ஒரு மகளின் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. திருவனந்தபுரத்தில் இருந்த தாய், குவைத்தில் தகப்பனோடு இருந்த மகளைத் தன்னிடம் விடக் கேட்டார். வழக்கு நடக்கும்போதே மகளுக்கு 18 முடிந்துவிட்டது. குவைத்திலேயே இருந்து படிக்கப் போகிறேன் என்றாள். தாயின் உணர்ச்சிக்காகவோ தகப்பனின் அகந்தைக்காகவோ நீதிமன்றம் தன்னைப் பெரிய பாதுகாவலராக ஆக்கிக்கொள்ள முடியாது என்று மூன்று நீதிபதிகள் சொல்லி அனுப்பினார்கள்.

கேரள உயர் நீதிமன்றம் ஹாதியா வழக்கில் கையிலெடுத்தது, ஆதரவற்றவர்களுக்கு அரசே பெற்றோர் என்ற பழைய கோட்பாட்டை. அந்தக் கோட்பாடு கெட்டதில்லை. அது பிறந்தது பதில் சொல்ல முடியாதவர்களுக்காக. அதன் சரியான வீடு எது என்பதற்குச் சென்னை உயர் நீதிமன்றத்திலேயே ஒரு வழக்கு உண்டு. கணவர் கோமாவில் விழுந்துவிட்டார். மருத்துவச் செலவுக்கு அவர் பெயரில் உள்ள சொத்தை விற்க வேண்டும். மைனருக்குப் பாதுகாவலர் நியமிக்க 1890ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. நினைவிழந்து கிடக்கும் மேஜருக்குப் பாதுகாவலர் நியமிக்க நேரடியான சட்டம் கிடையாது. தனி நீதிபதி, சிவில் நீதிமன்றத்துக்குப் போகச் சொன்னார். 2024 மே மாதத்தில் நீதிபதிகள் ஜி.ஆர்.சுவாமிநாதன், பி.பி.பாலாஜி அமர்வு அதை மாற்றி, மனைவியைப் பாதுகாவலராக நியமித்தது. சொத்தை விற்றால் 50 லட்சம் ரூபாயைக் கணவர் பெயரில் வைப்புத் தொகையாகப் போட வேண்டும், அதன் வட்டியை மூன்று மாதத்துக்கு ஒருமுறை மனைவி எடுத்துக்கொள்ளலாம் என்று நிபந்தனை வைத்தது. இதற்கு முன்பே, 2019இல், கேரள உயர் நீதிமன்றம் இத்தகைய நியமனங்களுக்கு வழிமுறை வகுத்திருந்தது: நரம்பியல் நிபுணர் அடங்கிய மருத்துவக் குழுவின் சான்று, தாசில்தார் நிலைக்குக் குறையாத அதிகாரியின் விசாரணை, 6 மாதத்துக்கு ஒருமுறை கணக்கு. வாய் திறக்க முடியாதவருக்கு இத்தனை கவனம் வேண்டும் என்று சொன்ன அதே மாநிலத்து நீதிமன்றம்தான், வாய் திறந்து பேசிய ஹாதியாவின் சொல்லைப் பொருட்படுத்தாமல் அனுப்பியது.

கேட்டால் மட்டும் போதுமா என்ற கேள்வியும் இந்தக் கதையில் உண்டு. எங்கே வைத்துக் கேட்பது, யாரை வைத்துக்கொண்டு கேட்பது? பெற்றோர் வீட்டில் இரண்டு மாதம் அடைபட்டுக் கிடந்த பெண்ணை, அதே பெற்றோர் காரில் ஏற்றிக்கொண்டு வந்து, அவர்கள் எதிரிலேயே ‘யாரோடு போகிறாய்’ என்றால், வரும் பதில் யாருடையது? 2024 மார்ச் 11 அன்று உச்ச நீதிமன்றம் இதற்கு முகங்கொடுத்தது. கேரளத்தைச் சேர்ந்த ஒரு பெண், தன் துணைவி அவள் வீட்டில் அடைத்து வைக்கப்பட்டிருக்கிறாள் என்று தொடுத்த வழக்கு அது. துணைவி என்று சொல்லப்பட்டவரோ, நீதித்துறை அதிகாரியிடம், பெற்றோருடன் இருக்கவே விரும்புவதாகச் சொன்னார். நீதிமன்றம் அந்தப் பதிலை ஏற்று மனுவைத் தள்ளியது. இந்தக் கேள்வியின் நேர்மை எனக்குத் தெரிவது இங்கேதான். கேட்டவருக்குப் பிடிக்காத பதிலுக்கும் அதே மரியாதை கிடைத்தது.

மனுவைத் தள்ளியதோடு விடாமல், எல்லா நீதிமன்றங்களுக்குமான நெறிமுறைகளையும் தலைமை நீதிபதி சந்திரசூட் அமர்வு எழுதியது. மனு போட்டவருக்கும் அடைபட்டவருக்கும் என்ன உறவு என்று துருவக் கூடாது. அடைபட்டவரிடம் நீதிபதி தனியறையில் பேச வேண்டும், பேச்சைப் பதிவு செய்ய வேண்டும், குடும்பத்தாரும் போலீசாரும் சூழ இருக்கக் கூடாது. உட்கார வசதியான இருக்கை, குடிக்கத் தண்ணீர், கழிவறை வசதி தர வேண்டும் என்றுகூட அதில் எழுதியிருக்கிறார்கள். ஒரு தீர்ப்பில் தண்ணீரும் கழிவறையும் வரும் இடத்தில் நான் நின்றுவிட்டேன். பயந்து வந்திருக்கும் ஒருத்தி உண்மையைச் சொல்ல என்னென்ன வேண்டும் என்று யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள். ஆலோசனை என்ற பெயரில் மனத்தை மாற்றும் முயற்சி கூடாது. வீட்டுக்குப் போக மாட்டேன் என்று சொன்னால் உடனே, தாமதமில்லாமல் விடுவிக்க வேண்டும்.

இது தமிழ்நாட்டுக்கு வந்து சேர அதிக நாள் ஆகவில்லை. 2025 மே மாதத்தில் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஜி.ஆர்.சுவாமிநாதன், வி.லட்சுமிநாராயணன் அமர்வு முன் 25 வயதுப் பெண் ஒருவர் நிறுத்தப்பட்டார். அவருடைய துணைவி போட்ட ஆட்கொணர்வு மனு. மகளைத் தவறான வழியில் இழுத்துவிட்டார்கள், போதைப் பழக்கம் இருக்கிறது என்று தாய் சொன்னார். நீதிபதிகள் பெண்ணிடம் பேசினார்கள். தன் விருப்பம் இன்னது என்று ஒளிக்காமல் சொன்னார், மனுதாரரோடு போக வேண்டும் என்றார். தாயைச் சமாதானப்படுத்த நீதிபதிகள் முயன்றும் முடியவில்லை. பிள்ளையின் இயல்பை வெளிப்படையாக ஏற்றுக்கொண்ட நீதிபதி லீலா சேத்தைப்போல எல்லாப் பெற்றோரும் இருந்துவிடுவதில்லை என்று வருத்தத்தோடு எழுதினார்கள். இரத்த உறவுக்கு வெளியே ஒருவர் தேர்ந்துகொள்ளும் குடும்பமும் குடும்பமே என்பதை ஏற்று, பெண்ணை விடுவித்தார்கள்.

அந்தத் தீர்ப்பில் நம் ஊர் ஒவ்வொன்றும் படிக்க வேண்டிய பகுதி, காவல் நிலையங்களைப் பற்றியது. உதவி கேட்டு முதலில் இந்தப் பெண்கள் போனது காவல் நிலையங்களுக்குத்தான். வயது வந்த பெண் என்று தெரிந்தும், அங்கே பெற்றோரோடு போகக் கட்டாயப்படுத்தப்பட்டார். நீதிபதிகள் இதைக் கடுமையாகக் கண்டித்தார்கள். நீதிமன்றம் வரை வருகிற வழக்குகள் சொற்பம். ‘பெண்ணைக் காணவில்லை’ என்ற புகாரில் தேடிப் பிடித்து, நிலையத்தின் முன்னறையில் பெற்றோர் எதிரில் உட்காரவைத்து, ‘அம்மா அழுறாங்க பாரு, போயிடும்மா’ என்று முடித்துவைக்கப்படுபவையே அதிகம். தனியறையும் தண்ணீரும் பதற்றமில்லாத குரலும் அங்கேதான் முதலில் வேண்டும். அதனால்தானோ என்னவோ, நீதிபதிகள் அந்தப் பெண்ணை விடுவித்ததோடு நிறுத்தவில்லை. அவரும் அவர் துணைவியும் எப்போது கேட்டாலும் பாதுகாப்புத் தர வேண்டும் என்று, அவர்கள் வசிக்கும் எல்லைக்குட்பட்ட போலீசாருக்குத் தொடர்ந்து அமலில் இருக்கும் உத்தரவாகவே பிறப்பித்தார்கள்.